தழும்பு எந்தப் பக்கம்

மார்ச் 3

மகளுக்கு,

அப்பா சொல்லச் சொல்ல எழுதப்படுவது. எழுதுகிறவர் நம் சலூனுக்குப் பக்கத்து மருந்துக்கடை அம்மா. மதியம் கடையை மூடிவிட்டு ஒரு மணி நேரம் நம் பெஞ்சில் வந்து உட்கார்ந்து எழுதித் தருகிறார். டாக்டர்கள் கிறுக்குவதைப் படித்துப் படித்து இவர் கையெழுத்தும் அப்படி ஆகியிருந்தால் என்னைத் திட்டாதே. (நான் குண்டு குண்டாகத்தான் எழுதுகிறேன் என்கிறார்.) விலாசம், போன குளிருக்கு நீ அனுப்பிய மஃப்ளர் பார்சலின் மேலிருந்து கிழித்து வைத்தது.

எட்டு வருஷம் கழித்து எழுதுகிறவன் முதலில் சுகம் விசாரிக்க வேண்டுமாம். விசாரித்ததாக வைத்துக்கொள். போன் செய்யலாமே என்பாய். போனில் நீ பேசுவது என் காதில் பாதிதான் விழுகிறது. அந்தப் பாதிக்கே நமக்குள் சண்டை வந்துவிடுகிறது.

விஷயத்துக்கு வருகிறேன். போன செவ்வாய்க்கிழமை பஸ் டிரைவர் வந்திருந்தார். உனக்குத் தெரிந்தவர்தான், உச்சியில் இரட்டைச் சுழி, பிடரியில் மிளகு அளவு மச்சம். நான் நாற்காலியில் வேறொருவருக்கு ஒரு கன்னம் முடித்து மறு கன்னத்தில் கத்தியை வைத்திருக்கிறேன். பெஞ்சில் போனை நோண்டிக்கொண்டிருந்தவர் கத்தினார்: "அண்ணே! இங்க பாருங்க, உங்களத் தூக்கி கேம்ல போட்டிருக்கான் எவனோ!"

பார்த்தேன். பொம்மை ஊர் ஒன்று. அதில் ஒரு கிழவன். வழுக்கை, காதோரம் மட்டும் நரை, மேலுதட்டை மறைக்கிற மீசை, வெள்ளைக் கோட்டு, மேல் பையில் சீப்பு, தோளில் துண்டு. மூக்கு என் மூக்கு. காது மடல் என் காது மடல். அந்தக் கிழவன் ஒரு கோபுரத்தின் மேல் ஏறி நின்று ஆடுகிறான். பிறகு கால் தவறி, நேரே ஒரு சேற்றுக் குட்டையில் தலைகுப்புற. மேலே இரண்டு கால் மட்டும் தெரிகிறது. டிரைவர் அதை மூன்று தடவை போட்டுக் காட்டினார். மூன்று தடவையும் கடையே சிரித்தது. பாதிக் கன்னத்தோடு நாற்காலியில் இருந்தவர்கூடச் சிரித்தார், கத்தி இருக்கிறதே என்ற பயம்கூட இல்லாமல்.

கிழவனின் தலைக்கு மேல் ஏதோ எழுத்து மிதந்தது. எனக்கு எழுத்து ஏது? டிரைவரைப் படிக்கச் சொன்னேன். "குருவிக்கூடு" என்றார்.

அந்தப் பெயரை உனக்கு வைத்தவன் நான். இரண்டாம் வகுப்பில் தலை வாராமல் கடைக்கு வந்து நின்றாயே, அன்றைக்கு. இந்தக் கடைக்கு வெளியே அந்தப் பெயர் யாருக்கும் தெரியாது. அதனால் யார் வேலை என்று நான் யாரையும் கேட்க வேண்டியிருக்கவில்லை.

முப்பத்தெட்டு வருஷமாக இந்தத் தெருவில் ஒருவரும் என்னைப் பார்த்துச் சிரித்ததில்லை. இப்போது முடி வெட்ட வருகிறவர்கள் "எப்ப குதிக்கப் போறீங்க?" என்று கேட்டுக்கொண்டு வருகிறார்கள். அந்த முகத்தை எடுத்துவிடு.

செய்ததுதான் செய்தாய், அதையாவது ஒழுங்காகச் செய்தாயா? கிழவனின் புருவத் தழும்பை வலது பக்கம் போட்டிருக்கிறாய். என் தழும்பு இடது புருவத்தில். அதை எனக்குப் போட்டவளே நீ. அதுகூடவா மறந்துபோயிற்று?

இப்படிக்கு,
அப்பா
(கைநாட்டு, தலைச்சாயத்தில் தோய்த்தது)


மார்ச் 10

அப்பாவுக்கு,

வணக்கம். கடிதத்தின் அடியில் கறுப்பாகப் பெருவிரல் ரேகையைப் பார்த்ததும் படிக்காமலே கொஞ்ச நேரம் வைத்திருந்தேன். எட்டு வருஷத்தில் முதல் கடிதம். என்னென்னவோ நினைத்துக்கொண்டேன். உள்ளே இருந்தது புகார்.

நான் நலம். பல் செட் செய்கிற கூடத்தில்தான் இன்னும் வேலை. நாள் முழுக்க யாருடைய வாயோ அச்சாக வந்துகொண்டே இருக்கும். சாயங்காலம் அறைக்கு வந்தால் பேச ஆள் கிடையாது. ஒரு மணி நேரம் இந்த விளையாட்டு. அதில் எனக்கு நாலு பேர் கூட்டாளிகள். ஒருத்தி பேக்கரியில் ரொட்டி போடுகிறவள். அவளோடு பேசாத நாள் இல்லை, முகம் பார்த்ததில்லை.

உங்களைக் கேலி செய்யத்தான் அந்த முகத்தைச் செய்தேன் என்று நினைத்துவிட்டீர்கள். முதலில் என் முகத்தைத்தான் செய்து வைத்திருந்தேன் அப்பா. விளையாட்டுக்குள் போனாலே ஒருத்தன் பின்னாலேயே வருவான். எங்கே இருக்கிறாய், தனியாகவா இருக்கிறாய், போட்டோ அனுப்பு. தடுத்தால் வேறு பெயரில் வருவான். முடியை மாற்றினேன், நிறத்தை மாற்றினேன், பெண் முகம் என்றால் விடுவதில்லை. வெறுத்துப் போய் விட்டுவிடலாம் என்றிருந்தபோதுதான் உங்கள் முகத்தைச் செய்தேன். மூக்கை இழுத்து, தாடையைக் குறைத்து, காது மடலைத் தடிப்பாக்கி, ஆறு நாள் சாயங்காலம் ஆயிற்று. ஏழாம் நாள் அதே ஆள் வந்தான். என்னைப் பார்த்தான். "வணக்கம் தாத்தா" என்றான். போய்விட்டான். அதற்குப் பிறகு ஒருத்தனும் வாலாட்டியதில்லை.

கோபுரத்திலிருந்து விழுந்தது என் கை தவறியதால். அதைப் படம் பிடித்து ஊருக்குப் போட்டது பேக்கரிக்காரி. அவளைத் திட்டிவிட்டேன்.

எடுக்க முடியாது என்று சொல்லவில்லை. ஆனால் ஒரு ஆளுக்கு ஒரு முகம்தான் அங்கே. புதியதைப் போட்டால் பழையது அழிந்துவிடும். பிறகு யார் தலைகீழாக நின்றாலும் திரும்ப வராது. அதனால் கேட்கிறேன், இருக்கட்டுமே.

தழும்பைப் பற்றி. வலது அச்சு எது, இடது அச்சு எது என்று மாறாமல் பார்ப்பதுதான் என் பிழைப்பு. மேல் தாடையைக் கீழாக வைத்துக் காட்டினாலும் சொல்லிவிடுவேன். ஆறு வயதிலிருந்து பத்தொன்பது வயதுவரை பள்ளிக்கூடம் விட்டால் உங்கள் கடை பெஞ்சு. அம்மாவுக்கு ஆஸ்பத்திரியில் வேலை முடிகிறவரைக்கும் அங்கேதான். பதின்மூன்று வருஷம் பார்த்த முகம். தழும்பு வலது புருவத்தில்தான்.

மருந்துக்கடை அக்காவுக்கு வணக்கம். கையெழுத்து நன்றாகவே இருக்கிறது.

மகள்


மார்ச் 18

மகளுக்கு,

இடது.

தினமும் காலையில் முகம் கழுவும்போது என் விரலில் தட்டுகிறது. என் முகம் எனக்குத் தெரியாதா? நீ ஏழு வயது. மழை நாள், பள்ளிக்கூடம் அரை நாளோடு விட்டுவிட்டார்கள். நாற்காலியில் எலக்ட்ரீஷியன், முகம் முழுக்க நுரை. பெஞ்சில் செருப்புக்கடைக்காரரும் அவர் மாமனாரும். உனக்கும் ஒரு கத்திரி வேண்டும் என்று அழுதாய். கொடுக்க மாட்டேன் என்றேன். பவுடர் டப்பா மூடியை எடுத்து வீசினாய். நான் எதற்கோ திரும்பினேன், வாங்கிக்கொண்டேன். ரத்தம் எலக்ட்ரீஷியன் நுரையில் சொட்டியது. தன் ரத்தம் என்று நினைத்து அவர் எழுந்து ஓடிவிட்டார், போர்த்திவிட்ட துணியோடு. நாலு நாள் கழித்துத்தான் அந்தத் துணி திரும்பி வந்தது. தழும்பைக் கேட்டவர்களுக்கெல்லாம் இன்றுவரை சைக்கிளில் விழுந்தேன் என்றுதான் சொல்லி வருகிறேன். இவ்வளவு நினைவிருக்கிறவனுக்குப் பக்கம் மட்டும் மறந்துபோகுமா?

இன்னொன்றும் மறக்கவில்லை. எட்டு வருஷத்துக்கு முன்னால், ஒரு வியாழக்கிழமை. தொழிலைக் கற்றுக்கொடுங்கள் என்று வந்து நின்றாய். ஆம்பளைகளின் தாடையைப் பிடிக்கிற வேலை உனக்கு வேண்டாம் என்றேன். நான் டீ குடித்துவிட்டுத் திரும்பி வருவதற்குள் என் கத்திரியை எடுத்து, அத்தனை பேர் முன்னால், உன் தலையை நீயே வெட்டிக்கொண்டு நின்றாய். சிரித்தேன்தான். ஆடு மேய்ந்த மாதிரி இருந்தது, ஒரு பக்கம் ஒரு விரல்கடை குட்டை. "எந்த ஆடு மேஞ்சுது?" என்று கேட்டேன். கடையே சிரித்தது. அதற்காகப் பெட்டியைக் கட்டிக்கொண்டு போகிறவள் உலகத்தில் நீ ஒருத்திதான். அதற்கடுத்த வருஷம் அம்மா போனபோது வந்தாய், மூன்று நாள் இருந்தாய், என்னிடம் மூன்று வார்த்தை பேசவில்லை.

உன் பின்னால் எவனோ சுற்றினான் என்கிறாய். அவன் பக்கத்தில் இருந்தால் மொட்டை அடித்து அனுப்பியிருப்பேன். ஆனால் அதற்கு என் முகமா கிடைத்தது? கத்திரியையும் என்னைக் கேட்காமல்தான் எடுத்தாய். முகத்தையும் கேட்காமல்தான் எடுத்திருக்கிறாய். பக்கத்தையும் மாற்றிப் போட்டுவிட்டு எனக்கே பாடம் நடத்துகிறாய்.

எடுத்துவிடு. எடுத்துவிட்டேன் என்று ஒரு வரி எழுது. அதற்கு மேல் ஒன்றும் எனக்கு எழுத வேண்டாம்.

அப்பா
(கைநாட்டு)

இது நான் சேர்ப்பது, அவருக்குத் தெரியாது. கடைசி வரியை எழுத மாட்டேன் என்றேன். "அப்ப நான் டிரைவரக் கூப்பிட்டு எழுதிக்கிறேன்" என்றார். டிரைவர் எழுதினால் இதைவிட மோசமாகியிருக்கும். மன்னித்துக்கொள் அம்மா. உன் முதல் கடிதத்தை என்னிடம் இரண்டு தடவை படிக்கச் சொல்லிக் கேட்டார். — மருந்துக்கடை


மார்ச் 26

மகளுக்கு,

இன்னும் எடுக்கவில்லை என்றால் எடுக்காதே. இந்தக் கடிதம் உன் கையில் சேருகிறவரை எதையும் தொடாதே.

நடந்ததைச் சொல்கிறேன். உன்னிடமிருந்து ஒரு வரியும் வரவில்லையே என்று கண்டித்து எழுதலாம் என்றுதான் இன்று மதியம் இந்த அம்மாவைக் கூப்பிட்டேன். அவர் பெஞ்சில் காகிதத்தோடு உட்கார்ந்திருந்தார். நான் கண்ணாடியைப் பார்த்து என் மீசையைக் கத்தரித்துக்கொண்டே சொன்னேன், "முதல்ல தழும்ப எழுதுங்கம்மா. எந்தப் பக்கம்னு நீங்களே பாத்து எழுதுங்க." அவர் நிமிர்ந்து பார்த்தார். "வலது பக்கம்" என்றார்.

எனக்கு வந்ததே கோபம். "என்னம்மா, நீங்களும் அவ கட்சியா?" என்று திரும்பினேன்.

"இல்ல இல்ல, இடது. இருங்க, அப்படியே மறுபடி திரும்புங்க."

திரும்பினேன்.

"வலது."

நாலைந்து தடவை என்னை இப்படியும் அப்படியும் திருப்பினார். கடைசியில் பேனாவைக் கீழே வைத்துவிட்டு, "அண்ணே, உங்க பொண்ணு பாத்தது கண்ணாடிய" என்றார்.

நாற்காலியில் உட்கார்ந்துவிட்டேன். பெஞ்சு எனக்குப் பின்னால் இருக்கிறது. பதின்மூன்று வருஷம் அதில் நீ இருந்தாய். நான் வேலை செய்தபடியே கண்ணாடியில் உன்னைப் பார்ப்பேன், கண்ணாடியிலேயே அதட்டுவேன், கண்ணாடியிலேயே சாப்பிட்டாயா என்று கேட்பேன். திரும்பிப் பேசியது எத்தனை தடவை என்று யோசித்தேன். இந்தத் தெருவில் இருக்கிற எல்லாத் தலையும் எனக்கு நினைவிருக்கிறது. யாருக்கு எந்த வயதில் முதல் நரை வந்தது என்று சொல்வேன். நான் திரும்பியது என்று எனக்கு நினைவு வருவது அந்த டப்பா மூடி வந்த நாள் ஒன்றுதான். அதுவும் இனி கத்திரி கேட்டால் கையை உடைப்பேன் என்று சொல்லத்தான் திரும்பினேன்.

இன்னும் கேள். உனக்குக் கன்னத்தில் ஒரு பக்கம் மட்டும் குழி விழும். எந்தப் பக்கம்? வலது என்று என் நினைவு சொல்கிறது. அப்படியானால் இடது, இல்லையா? இத்தனை நாள் மாற்றித்தான் வைத்திருக்கிறேன் போலிருக்கிறது.

அந்த வியாழக்கிழமையும் நீ கண்ணாடியைப் பார்த்துத்தான் வெட்டிக்கொண்டாய். கண்ணாடியைப் பார்த்துத் தன் தலையைத் தானே வெட்டுவது எனக்கே வராது. கை எதிர்ப் பக்கம் போகும். அதைச் சொல்லித் தந்திருக்க வேண்டும். நான் ஆட்டைப் பற்றிக் கேட்டேன்.

அந்தக் கிழவன் இருக்கட்டும். கோபுரத்திலிருந்து குதிக்கட்டும். எவன் வாலாட்டினாலும் முன்னால் போய் நிற்கட்டும்.

அப்பா
(கைநாட்டு)


மார்ச் 27

அப்பாவுக்கு,

எடுத்துவிட்டேன்.

நீங்கள் கேட்ட ஒரு வரி முடிந்தது. இதற்குக் கீழே இருப்பது மருந்துக்கடை அக்காவுக்கு. அவர் சத்தமாகப் படித்தால் அது என் குற்றமில்லை.

அக்கா, நேற்றுச் சாயங்காலம் எடுத்தேன். நிச்சயமா என்று விளையாட்டு கேட்டது. ஆமாம் என்றேன். அழிந்தால் திரும்ப வராது, நிச்சயமா என்று மறுபடி கேட்டது. எங்கள் வீட்டில் யாராவது இப்படி இரண்டு தடவை கேட்டிருந்தால் நான் அன்றைக்கு ஊரைவிட்டே வந்திருக்க மாட்டேன். கடைச் சரக்காக ஒரு முகம் தந்தார்கள். மஞ்சள் முடி, இஸ்திரிப் பெட்டி மாதிரி தாடை, எதைப் பார்த்தாலும் ஒரே சிரிப்பு.

கூட்டாளிகள் வந்தார்கள். "யாரு நீ?" என்றார்கள். நான்தான் என்றேன். "தாத்தா எங்க?" என்று கேட்டாள் பேக்கரிக்காரி. நான் கோபுரத்தின் பக்கம் நடந்தேன். பின்னாலேயே வந்து, "ஏன், தாத்தா தவறிட்டாரா?" என்று மெல்லக் கேட்டாள். விளையாட்டை மூடிவிட்டேன்.

அவர் சொன்னது சரிதான் அக்கா. கேட்காமல் எடுத்தது தப்பு. ஆனால் கேட்டால் அவர் என்றைக்கு எதைத் தந்தார்? அதை மட்டும் அவரிடம் கேட்டுச் சொல்லுங்கள்.

அவர் மகள்


ஏப்ரல் 4

அப்பாவுக்கு,

உங்கள் 26ஆம் தேதிக் கடிதம் போன வாரம் வந்தது. நீங்கள் அதைச் சொல்லி எழுதவைத்த அன்று சாயங்காலம்தான் நான் அழித்திருக்கிறேன். நாம் போனில் பேசினாலும் இப்படித்தான், இரண்டு பேரும் ஒரே நேரத்தில்.

படித்துவிட்டு என் அறைக் கண்ணாடி முன்னால் போய் நின்று சிரித்துப் பார்த்தேன். பிறகு கன்னத்தை விரலால் தொட்டுப் பார்த்தேன். இடதுதான்.

அன்றிலிருந்து உங்கள் முகத்தை மறுபடி செய்கிறேன். வரவில்லை. தழும்பு இப்போது சரியான பக்கம் இருக்கிறது, மற்றதெல்லாம் போய்விட்டது. மூக்கு சாய்ந்திருப்பது எந்தப் பக்கம்? தடித்த காது எது? எனக்குத் தெரிந்த ஒவ்வொன்றையும் திருப்பிப் போட வேண்டியிருக்கிறது. திருப்பிப் போட்டால் யாரோ பக்கத்து வீட்டுக்காரர் மாதிரி நிற்கிறார். திருப்பாமல் போட்டால் கண்ணாடிக்காரர் வந்துவிடுகிறார். ஒன்பது தடவை அழித்துவிட்டேன். நேற்று ஆத்திரத்தில் போனைக் கட்டிலில் வீசினேன், வீசிய வேகத்தில் அது குதித்துத் தரையில் விழுந்து ஒரு மூலை உடைந்துவிட்டது. வீசுகிற பழக்கம் இன்னும் போகவில்லை.

ஒரு போட்டோ அனுப்புங்கள். நேராக நின்று எடுத்தது. டிரைவரிடம் சொன்னால் எடுத்துத் தருவார்.

மகள்


ஏப்ரல் 12

அன்புள்ள குருவிக்கூட்டுக்கு,

போட்டோ அனுப்ப மாட்டேன்.

டிரைவர் எடுத்தார். ஏழு எடுத்தார். "சிரிங்கண்ணே, சிரிங்கண்ணே" என்று கழுத்தை அறுத்துவிட்டார். எல்லாவற்றிலும் போலீஸில் மாட்டியவன் மாதிரி இருக்கிறேன். அதைப் பார்த்து நீ செய்தால் பேக்கரிக்காரி பயந்து ஓடிவிடுவாள். அவளிடம் தாத்தா சாகவில்லை என்று முதலில் சொல். ஊருக்குப் போயிருக்கிறார் என்று சொல்.

உன் மஞ்சள் முடிக்காரனையும் டிரைவர் காட்டினார். அவனுக்கு எவன் முடி வெட்டியது? இரண்டு கிருதாவும் சமமாக இல்லை.

நாற்காலியைத் திருப்பிப் போட்டுவிட்டேன். தரையோடு முடுக்கியிருந்த நாலு போல்ட்டையும் எலக்ட்ரீஷியன் வந்து கழற்றினார், அன்றைக்குத் துணியோடு ஓடியவரேதான். இப்போது நாற்காலி பெஞ்சைப் பார்த்து இருக்கிறது, கண்ணாடி என் முதுகுக்குப் பின்னால். வருகிறவர்கள் எல்லாரும் திட்டுகிறார்கள். "கண்ணாடி இல்லாம என் தலைய நான் எப்படிப் பாக்கிறது?" என்று செருப்புக்கடைக்காரர் பாதியில் எழுந்து போய்விட்டார். நான் சொன்னேன், என் மகள் வருகிறாள், அதுவரை இப்படித்தான் இருக்கும் என்று. வருவதாக நீ எழுதவில்லை, தெரியும். சொல்லிவிட்டேன், இனி என்னைப் பொய்யனாக்குவது உன் இஷ்டம். இன்னும் பத்து நாளுக்கு மேல் தாங்காது, எல்லாரும் எதிர்த்தெருச் சலூனுக்குப் போய்விடுவார்கள்.

பெஞ்சில் உட்கார்ந்து பார்த்தால் இப்போது எல்லாம் அதனதன் பக்கத்தில் தெரிகிறது. இந்த அம்மா உட்கார்ந்து பார்த்துவிட்டார், இடது என்கிறார்.

நான் எதைத் தந்தேன் என்று கேட்கச் சொல்லியிருந்தாய். இவர் கேட்டார். சாணைக்கல்லை எடுத்துக்கொண்டு உட்கார்ந்தேன்.

என் காதோர நரை வளர்ந்து சட்டைக் காலரில் உரசுகிறது. நானே வெட்டிக்கொண்டால் கை எதிர்ப் பக்கம் போகிறது. எதிர்த்தெருக்காரனிடம் தலையைக் கொடுக்க மனமில்லை. கத்திரி வழக்கமான இடத்தில்தான் இருக்கிறது, மேசையில், பவுடர் டப்பாவுக்குப் பக்கத்தில். சாணை பிடித்து வைத்திருக்கிறேன்.

வந்ததும் என்னைக் கேட்டுக்கொண்டு நிற்காதே. எடு.

அப்பா
(கைநாட்டு)